லேப்களின் ‘லிவர் செக்-அப்’ பொதி: ஈரல் புற்றுநோயைப் பிடிக்க அது போதுமா?

ஹட்டன், நுவரெலியா, பண்டாரவளை, பதுளை, கண்டி என்று மலையகத்தில் எந்த நகரத்தில் இறங்கினாலும் பஸ் நிலையத்துக்குப் பக்கத்திலேயே ஒரு தனியார் லேப் இருக்கும். அதன் கண்ணாடியில் ‘ஃபுல் பொடி செக்-அப்’, ‘லிவர் புரொஃபைல்’ என்று பொதிகளின் பட்டியல் ஒட்டியிருக்கும். கொழும்பிலோ வெளிநாட்டிலோ வேலை செய்யும் பிள்ளைகள், தோட்டத்தில் இருக்கும் அம்மா அப்பாவுக்காக முன்கூட்டியே காசு கட்டிவிடுவதும் வழக்கமாகிவிட்டது. இது எந்த ஒரு தனி லேப்பைப் பற்றிய மதிப்புரையும் அல்ல. இப்படிப் பொதுவாக விற்கப்படும் லிவர் பொதி, ஈரல் புற்றுநோய் வரக்கூடியவரை அடையாளம் காட்டுகிறதா, வந்தவரை நேரத்தோடு பிடிக்கிறதா என்று பார்த்திருக்கிறோம்.

முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். பொதியாக வாங்காதீர்கள். தனித்தனியாகத் தேவையான சில சோதனைகளை மட்டும் எடுத்தால் செலவும் குறையலாம், விஷயமும் தெரியும். உண்மையில் உயிரைக் காக்கும் வயிற்று ஸ்கேன் இந்தப் பொதிகளில் பெரும்பாலும் இருப்பதே இல்லை.

எஸ்ஜிபிடி நோர்மல் என்றால் ஈரல் நல்லது என்று அர்த்தமில்லை

ரிப்போர்ட்டின் முதல் பக்கத்தில் எஸ்ஜிபிடி, எஸ்ஜிஓடி, ஏஎல்பி, காமா ஜிடி, பிலிருபின், மொத்தப் புரதம், அல்புமின் என்று வரிசையாக வரும். எல்லாரும் முதலில் தேடுவது எஸ்ஜிபிடியை. அதில் நட்சத்திரக் குறி இல்லையென்றால் நிம்மதியாக வீட்டுக்குப் போய்விடுவார்கள். அந்த நிம்மதிதான் எங்களுக்குப் பயம்.

எஸ்ஜிபிடியும் எஸ்ஜிஓடியும் ஈரல் செல்கள் சேதமாகும்போது இரத்தத்தில் கசியும் நொதியங்கள். இப்போது எவ்வளவு சேதம் நடக்கிறது என்பதைத்தான் அவை சொல்லும். வருடக்கணக்காகச் சேதமாகித் தழும்பேறிப்போன ஈரலில் கசிவதற்கு அதிகம் மிச்சம் இருக்காது. அதனால் சிரோசிஸ், அதாவது ஈரல் சுருக்க நோய், முற்றிய ஒருவருக்கும் எஸ்ஜிபிடி 30, 35 என்று அழகாக வரலாம். ஈரல் செல்லில் தொடங்கும் புற்றுநோயில் 80 முதல் 90 சதவீதம் சிரோசிஸ் வந்த ஈரலில்தான் உண்டாகிறது. ஆகவே தேட வேண்டியது தழும்பை. பொதி அதைத் தேடுவதில்லை.

தழும்பைத் தேட மலிவான வழி ஒன்று இருக்கிறது. இரத்த அணுக்களை எண்ணும் சாதாரண எப்பிசி பரிசோதனையில் வரும் பிளேட்லெட் எண்ணிக்கையைச் சேர்த்து ‘ஃபிப்-4’ என்ற கணக்கைப் போடலாம். ஈரல் இறுகினால் குடலிலிருந்து வரும் இரத்தம் தடைப்பட்டு மண்ணீரல் வீங்கும். வீங்கிய மண்ணீரல் பிளேட்லெட்டுகளைத் தன்னிடம் பிடித்து வைத்துக்கொள்ளும். காரணம் தெரியாமல் பிளேட்லெட் 1,50,000க்குக் கீழே இறங்கி நிற்பது பல நேரம் சிரோசிஸின் முதல் தடயம்.

கணக்கு இதுதான்: வயதை எஸ்ஜிஓடியால் பெருக்குங்கள். எஸ்ஜிபிடியின் வர்க்கமூலத்தைப் பிளேட்லெட்டால் பெருக்குங்கள். 1,20,000 என்றால் 120 என்று எடுக்க வேண்டும். முதலாவதை இரண்டாவதால் வகுங்கள். 60 வயது, எஸ்ஜிஓடி 48, எஸ்ஜிபிடி 36, பிளேட்லெட் 120 என்று வைத்துக்கொள்வோம். 60 × 48 = 2,880. 36இன் வர்க்கமூலம் 6; 6 × 120 = 720. விடை 4.0. எஸ்ஜிபிடி முற்றிலும் நோர்மல், எஸ்ஜிஓடி கொஞ்சம்தான் கூட. ஆனால் ஃபிப்-4 அபாய எல்லையான 2.67ஐத் தாண்டிவிட்டது. இவரைக் கட்டாயம் ஈரல் கிளினிக்குக்கு அனுப்ப வேண்டும். 45 வயது, எஸ்ஜிஓடி 30, அதே எஸ்ஜிபிடி 36, பிளேட்லெட் 250 என்றால் விடை 0.9. அவருக்கு முற்றிய தழும்பு இருக்கும் வாய்ப்பு மிகக் குறைவு. 1.3க்குக் கீழே என்றால் இப்போதைக்குப் பயமில்லை. 65 வயது தாண்டியவர்களுக்கு அந்த எல்லை 2.0. நடுவில் நின்றால் ஈரலின் இறுக்கத்தை அளக்கும் ஃபைப்ரோஸ்கேன் தேவைப்படும். 35 வயதுக்குக் குறைந்தவர்களுக்கு இந்தக் கணக்கை நம்ப முடியாது.

இரண்டு பெருக்கல், ஒரு வகுத்தல். இதை ரிப்போர்ட்டின் அடியில் ஒரு வரியாக அச்சிட்டுத் தர எந்த லேப்புக்கும் மேலதிகச் செலவு வராது. பொதிக்கு அவ்வளவு வாங்கிக்கொண்டு இதைச் செய்யாமல் விடுவது எங்கள் பார்வையில் பெரிய குறை.

ரிப்போர்ட் எங்கே பிழைக்கும்

சிறு நகரங்களில் பல இடங்கள் இரத்தத்தை மட்டும் எடுத்துக்கொண்டு, சோதனையைக் கண்டியிலோ கொழும்பிலோ உள்ள பெரிய ஆய்வுகூடத்தில் செய்விக்கின்றன. அதில் தப்பில்லை. ஆனால் வாகனம் எத்தனை மணிக்குக் கிளம்பும் என்று கேட்டு, அதற்குச் சற்று முன்னால் இரத்தம் கொடுங்கள். நேரம் கழித்துப் பிரித்தாலும், குழாயை வேகமாகக் குலுக்கினாலும் சிவப்பணுக்கள் உடைந்து எஸ்ஜிஓடி பொய்யாக ஏறும். ரிப்போர்ட்டில் ‘ஹீமோலைஸ்ட்’ என்று எழுதியிருந்தால் அந்த எண்ணை வைத்துக் கணக்குப் போடாதீர்கள். மறுபடி எடுக்கச் சொல்லுங்கள்.

ஊதா மூடிக் குழாயில் எடுக்கும் எப்பிசியில் இன்னொரு சிக்கல் வரும். சிலருடைய பிளேட்லெட்டுகள் அந்தக் குழாயில் உள்ள மருந்தில் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். இயந்திரம் அந்தக் கட்டியை ஒன்றாக எண்ணி 90 என்று காட்டிவிடும், உண்மையில் 220 இருந்தாலும். பிளேட்லெட் திடீரென்று குறைவாக வந்தால் கண்ணாடித் தகட்டில் வைத்து நுணுக்குக்காட்டியில் பார்க்கவும், தேவையென்றால் நீல மூடிக் குழாயில் மறுபடி எடுக்கவும் கேட்கலாம். டெங்கு போன்ற காய்ச்சல் வந்து போன நாட்களில் ஃபிப்-4 போடவே கூடாது.

தோட்ட வேலை செய்பவர்களுக்கு மட்டும் ஒன்று: எஸ்ஜிஓடி தசையிலும் இருக்கிறது. கவ்வாத்து வெட்டியோ உர மூட்டை சுமந்தோ உடம்பு முறிய வேலை செய்த மறுநாள் எடுத்தால் அது கூடலாம். சில நாள் கழித்துப் போங்கள்.

ஏஎப்பி: தனியாக எடுத்தால் ஏமாற்றும்

ஏஎப்பி என்பது இரத்தத்தில் அளக்கப்படும் ஒரு புரதம். விலை கூடிய பொதிகளில் ‘கேன்சர் மார்க்கர்’ என்று சேர்த்திருப்பது இதைத்தான். ஈரல் புற்றுநோய் உள்ளவர்களில் ஏறத்தாழ மூன்றில் ஒருவருக்கு ஏஎப்பி நோர்மலாகவே இருக்கும். கட்டி சிறிதாக இருக்கும்போது இன்னும் அதிகம் பேருக்கு. மறுபக்கம், கர்ப்பத்திலும், ஹெபடைடிஸ் சீறும்போதும், விதைப்பைக் கட்டிகளிலும் ஏறும். ஆகவே நோர்மல் என்றால் புற்றுநோய் இல்லை என்றும் இல்லை, கூடினால் புற்றுநோய்தான் என்றும் இல்லை.

ஸ்கேனோடு சேர்த்தால் மட்டும் இதற்கு மதிப்பு வருகிறது. பல ஆய்வுகளை ஒன்றுசேர்த்துப் பார்த்ததில், சிரோசிஸ் உள்ளவர்களிடம் ஆரம்பநிலைக் கட்டியை ஸ்கேன் மட்டும் 45 சதவீதம் பிடித்தது. ஸ்கேனும் ஏஎப்பியும் சேர்ந்து 63 சதவீதம் பிடித்தன. 20 நானோகிராம் தாண்டினாலும், ஒவ்வொரு முறையும் ஏறிக்கொண்டே போனாலும் சிடி அல்லது எம்ஆர்ஐ தேவை. அலகைக் கவனியுங்கள்: சில லேப் நானோகிராமில் தரும், சில லேப் சர்வதேச அலகில் தரும். ஒரு சர்வதேச அலகு சுமார் 1.2 நானோகிராம். லேப்பை மாற்றிவிட்டு எண்களை அப்படியே ஒப்பிட்டால் இல்லாத ஏற்றம் தெரியும், இருக்கிற ஏற்றம் மறையும்.

எச்பிஎஸ்ஏஜி: காசுக்குப் பெறுமதியான சோதனை

எச்பிஎஸ்ஏஜி என்பது ஹெபடைடிஸ் பி தொற்று இருக்கிறதா என்று காட்டும் இரத்தச் சோதனை. இந்தக் கிருமி ஈரல் செல்லின் மரபணுவுக்குள்ளேயே நுழைந்து உட்கார்ந்துவிடும். அதனால் சிரோசிஸ் வராமலேயே புற்றுநோய் உண்டாக்கக்கூடியது. இலங்கையில் இந்தத் தொற்று குறைவுதான். ஆனால் குழந்தைகளுக்கான தேசியத் தடுப்பூசித் திட்டத்தில் ஹெபடைடிஸ் பி சேர்ந்தது 2003இல். அதற்கு முன் பிறந்தவர்கள் தனியாகப் போட்டிருந்தாலொழியப் பாதுகாப்பு இல்லாதவர்கள். வாழ்நாளில் ஒரு தடவையாவது எச்பிஎஸ்ஏஜி பார்த்துவிடுங்கள், ஹெபடைடிஸ் சி சோதனையையும் சேர்த்து. பல பொதிகளில் இரண்டுமே இல்லை. காமா ஜிடிக்குக் கொடுக்கும் காசை இதற்குக் கொடுக்கலாம்.

பொசிடிவ் வந்தால் வீட்டில் எல்லாருக்கும் பார்க்க வேண்டும். தொற்று இல்லாதவர்களுக்கு 0, 1, 6 மாதம் என்று மூன்று ஊசி. தட்டு, கோப்பையைப் பிரித்து வைக்கத் தேவையே இல்லை. சவர பிளேடும் பல் துலக்கும் பிரஷும்தான் தனியாக இருக்க வேண்டும். கர்ப்பிணி என்றால் பிரசவத்துக்கு முன்பே கிளினிக்கில் சொல்லிவிடுங்கள், குழந்தைக்கு 24 மணி நேரத்துக்குள் ஊசி போட வேண்டும். சிரோசிஸ் இல்லாவிட்டாலும், பி தொற்று உள்ள ஆண்களுக்கு 40 வயதிலிருந்தும் பெண்களுக்கு 50 வயதிலிருந்தும் ஆறு மாத ஸ்கேன் தேவை. குடும்பத்தில் யாருக்காவது ஈரல் புற்றுநோய் வந்திருந்தால் அதற்கும் முன்பே.

சீனி, வயிறு, குடி: நம் பக்கத்துக் காரணங்கள்

இலங்கையில் ஈரல் புற்றுநோயாளிகளில் பெரும்பாலானோருக்கு பி, சி கிருமிகள் இரண்டுமே இருப்பதில்லை. கொழுப்பு ஈரலும் மதுவும்தான் இங்கே முன்னால் நிற்கின்றன. ‘மலை ஏறி இறங்கி வேலை செய்கிற சனத்துக்குக் கொழுப்பு ஈரலா?’ என்று கேட்பவர்களுக்கு, நுவரெலியா மாவட்டத்தில் லிந்துலைப் பகுதித் தேயிலைத் தோட்டத் தொழிலாளரிடம் நடத்தி 2011இல் வெளியான ஆய்வு பதில் சொல்கிறது. 403 பேரைப் பார்த்ததில் 18 சதவீதத்தினருக்கு, மது காரணமில்லாத கொழுப்பு ஈரல் இருந்தது.

இடுப்பளவு ஆணுக்கு 90 சென்டிமீட்டருக்கும் பெண்ணுக்கு 80க்கும் மேல், சீனி, பிரஷர், இரத்தக் கொழுப்பு என்று ஒன்றாகச் சேரும் கூட்டத்தைத்தான் வைத்தியர்கள் மெட்டபோலிக் சின்ட்ரோம் என்கிறார்கள். சீனி நோய் மட்டுமே ஈரல் புற்றுநோய் அபாயத்தை ஏறத்தாழ இரண்டு மடங்காக்குகிறது. இன்சுலின் உடம்பில் வேலை செய்யாமல் கூடிக் கிடப்பதும், கொழுப்பு தேங்கிய ஈரலில் ஓயாமல் நடக்கும் அழற்சியும் செல்களை மறுபடி மறுபடி பிரியத் தூண்டுகின்றன. இந்த வகையில் சிரோசிஸ் வராமலேயே கட்டி வருவதும் உண்டு.

மதுவைப் பற்றி ஒரு தவறான நம்பிக்கை ஊன்றிப் போயிருக்கிறது: கசிப்புதான் ஈரலைக் கெடுக்கும், கடைச் சாராயம் பரவாயில்லை என்று. ஈரலைக் கெடுப்பது அற்ககோல்தான், அது எந்தப் போத்தலில் வந்தாலும். 33.5 சதவீதச் சாராயம் 180 மில்லி கால் போத்தலில் ஏறத்தாழ 48 கிராம் அற்ககோல் இருக்கிறது. தினமும் அவ்வளவு வருடக்கணக்கில் போனால் சிரோசிஸ் அபாயம் நிச்சயம் உயரும். சீனி நோயும் சேர்ந்தால் ஒன்றை ஒன்று பெருக்கும். நிறுத்தினால் எந்தக் கட்டத்திலும் பலன் உண்டு. ஆனால் நெடுநாள் தினமும் குடித்தவர் ஒரே நாளில் தானாக நிறுத்தினால் வலிப்பு வரலாம். வைத்தியரின் துணையோடு நிறுத்த வேண்டும்.

மூன்றாவது, அடுப்படியில் இருப்பது. ஈரம் பிடித்த கச்சான், சோளம், செத்தல் மிளகாய், கொப்பராவில் வளரும் ஒருவகைப் பூஞ்சணம் அஃப்லாடொக்சின் என்ற நஞ்சை உண்டாக்கும். ஹெபடைடிஸ் பி உள்ளவருக்கு இது பன்மடங்கு ஆபத்து. வறுத்தாலும் பொரித்தாலும் முழுதாகப் போகாது. மழை மாதங்களில் கச்சானையும் மிளகாயையும் சிறிது சிறிதாக வாங்கி இறுக்கமான டின்னில் வையுங்கள். பூஞ்சணம் கண்டதைக் கொட்டிவிடுங்கள்.

குடும்பத்தில் ஓடும் நோய்களும் உண்டு. இரத்தம் ஏற்றி வாழும் தலசீமியா நோயாளிகளுக்கு ஈரலில் இரும்பு படிந்து வரும் ஆபத்து இருக்கிறது; அவர்களின் வழக்கமான கிளினிக்கிலேயே ஸ்கேனைக் கேட்க வேண்டும். செம்பு தேங்கும் வில்சன் நோய் பெற்றோர் இருவரிடமிருந்தும் வர வேண்டியது, எனவே சொந்தத்துக்குள் திருமணம் செய்த குடும்பங்களில் கூடுதலாகத் தெரியும். இளவயதில் சிரோசிஸ், கை நடுக்கம், பேச்சுக் குழறல் என்றால் அதை நினைக்க வேண்டும். ஒருவருக்கு இருந்தால் கூடப்பிறந்த ஒவ்வொருவருக்கும் நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு. வில்சனில் புற்றுநோய் அரிது, ஆனால் மருந்தால் சிரோசிஸையே தடுக்கலாம் என்பதால் பிள்ளைகளைப் பார்ப்பது முக்கியம்.

குழந்தைகளுக்கு வரும் ஈரல் கட்டி வேறு வகை. பெரிய நாக்கு, உடலில் ஒரு பக்கம் பெருத்திருப்பது போன்ற அடையாளங்களோடு பிறக்கும் பெக்வித்-வீடமன் சின்ட்ரோம் உள்ள பிள்ளைகளுக்குச் சிறுவயதில் மூன்று மாதத்துக்கு ஒரு ஸ்கேன் வேண்டும். பச்சிளம் குழந்தைக்கு ஏஎப்பி இயல்பாகவே மிக உயரத்தில் இருக்கும். பெரியவர்களுக்கான எல்லையை அச்சடித்த லேப் ரிப்போர்ட்டைப் பார்த்துப் பதறாதீர்கள்.

ஸ்கேன்: எதைக் கேட்டு வாங்க வேண்டும்

சிரோசிஸ் உள்ளவருக்கு ஆறு மாதத்துக்கு ஒரு தடவை வயிற்று அல்ட்ராசவுண்ட் ஸ்கேன், கூடவே ஏஎப்பி. இந்தக் கட்டிகள் இரண்டு மடங்காக ஏறத்தாழ நான்கிலிருந்து ஆறு மாதம் எடுப்பதால் வந்த கணக்கு அது. 3 சென்டிமீட்டருக்குள் பிடித்தால் ஊசி வழியாகச் சுட்டு அழிக்கலாம், வெட்டி எடுக்கலாம். 5 சென்டிமீட்டருக்குள் ஒரே கட்டி, அல்லது 3 சென்டிமீட்டருக்குள் மூன்று கட்டி வரை என்றால் ஈரல் மாற்று சத்திரசிகிச்சையையும் யோசிக்கலாம். ராகமையில் வட கொழும்பு போதனா வைத்தியசாலையில் அது நடக்கிறது. ஒரு வருடம் தள்ளிப்போட்டால் இந்த வழிகள் பலவும் அடைபட்டுவிடும்.

ஆறு மணி நேரம் சாப்பிடாமல் போக வேண்டும், தண்ணீர் குடிக்கலாம். சீனி மாத்திரையோ இன்சுலினோ எடுப்பவர்கள் வெறும் வயிற்றில் மருந்தைப் போட்டுக்கொண்டு பஸ் ஏறக் கூடாது. அன்றைய மருந்தை எப்போது எடுப்பது என்று முதலே கேட்டு, காலையின் முதல் நம்பரை வாங்குங்கள். மேல் டிவிஷனிலிருந்து விடியவே கிளம்பி வருபவரைப் பகல் வரை பட்டினி போட்டு உட்கார வைப்பதுதான் இந்தச் சேவையில் அடிக்கடி கேட்கும் குறை.

கடிதத்தில் வெறுமனே ‘வயிற்று ஸ்கேன்’ என்று இருந்தால் போதாது. ‘சிரோசிஸ், கட்டி இருக்கிறதா என்ற கண்காணிப்பு’ என்று எழுதச் சொல்லுங்கள். பழைய ரிப்போர்ட்டைக் கொண்டுபோங்கள். கையில் கிடைக்கும் ரிப்போர்ட்டில் நான்கு விஷயம் இருக்கிறதா பாருங்கள்: ஈரலின் மேற்பரப்பு வழவழப்பா முண்டுமுண்டா, குடலிலிருந்து ஈரலுக்கு வரும் போர்ட்டல் நாளத்தில் இரத்தம் ஓடுகிறதா, மண்ணீரலின் நீளம், ஈரல் முழுதும் தெரிந்ததா. கடைசி வரிதான் மிக முக்கியம். வயிறு பெருத்து ஈரலில் கொழுப்பு மண்டியவருக்குப் பாதி ஈரல் திரையில் தெரியாமலே போகலாம். ‘சரியாகத் தெரியவில்லை’ என்று நேர்மையாக எழுதித் தரும் ரேடியோலொஜிஸ்ட் நல்லவர். அந்த வரியோடு வைத்தியரிடம் போய் சிடி அல்லது எம்ஆர்ஐ பற்றிக் கேட்க முடியும்.

1 சென்டிமீட்டருக்குக் குறைந்த புள்ளி என்றால் மூன்று மாதத்தில் மறுபடி ஸ்கேன். 1 சென்டிமீட்டரோ அதற்கு மேலோ என்றால் சாயம் ஏற்றி, பல கட்டங்களில் படம் எடுக்கும் சிடி வேண்டும். இங்கே காசு வீணாவதை அடிக்கடி காண்கிறோம். புற்றுநோய்க் கட்டி தமனி இரத்தத்தில் முதலில் பளிச்சென்று ஒளிர்ந்து, பிந்திய கட்டத்தில் சுற்றியிருக்கும் ஈரலைவிடக் கறுக்கும். ஒரே ஒரு கட்டம் மட்டும் எடுத்த சிடியில் இந்த மாற்றம் தெரியாது. மறுபடி கட்டணம், மறுபடி சாயம். ‘ட்ரை-ஃபேஸ் லிவர் சிடி’ என்று கடிதத்தில் இருக்கிறதா என்று காசு கட்டும் முன் பாருங்கள். சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியட்டினின் ரிப்போர்ட்டும் கையில் இருக்கட்டும். சிரோசிஸ் உள்ளவரிடம் அந்த ஒளிர்வும் கறுப்பும் தெளிவாக இருந்தால், திசு வெட்டிப் பார்க்காமலே நோயை உறுதி செய்வார்கள்.

காசில்லாமல் செய்ய

35 வயது தாண்டியவர்களுக்கு அரசாங்க வைத்தியசாலைகளில் ‘ஹெல்தி லைஃப்ஸ்டைல் சென்டர்’ இருக்கிறது. சீனி, பிரஷர், நிறை எல்லாம் இலவசம். அங்கிருந்து டிக்கோயா ஆதார வைத்தியசாலை, நுவரெலியா மாவட்ட வைத்தியசாலை, பதுளை பெரியாஸ்பத்திரி, கண்டி தேசிய வைத்தியசாலை, பேராதனை போதனா வைத்தியசாலை என்று கடிதத்தோடு போகலாம். கஷ்டம் காத்திருப்பில்தான்: கிளினிக் நாளில் ஒரு பேர், அதாவது ஒரு நாள் கூலி, போய்விடும். அதனால் இரத்தத்தைத் தனியாரிடம் எடுத்துக்கொண்டு, ஸ்கேனையும் மேல்சிகிச்சையையும் அரசாங்கப் பக்கம் வைத்துக்கொள்வது பெரும்பாலான குடும்பங்களுக்குத் தோதாக வரும் என்பது எங்கள் யோசனை. தனியாரிடம் கேட்க வேண்டியவை: எப்பிசி, எஸ்ஜிஓடி, எஸ்ஜிபிடி, ஒரே ஒரு தடவை எச்பிஎஸ்ஏஜியும் ஹெபடைடிஸ் சியும். கவுண்டரில் இவற்றின் தனி விலையைக் கூட்டிப் பார்த்து, பொதி விலையோடு ஒப்பிடுங்கள். சில பொதிகளோடு தரும் ‘ஈரல் சுத்திகரிப்பு’ குளிசைகளை வாங்காதீர்கள். சீந்தில் மருந்துகளால் ஈரல் வீங்கியவர்களைப் பற்றியே வைத்திய அறிக்கைகள் வந்திருக்கின்றன.

சிரோசிஸ் என்று தெரிந்தவருக்குத் திடீரென வயிறு நீர் கோத்தாலும், மஞ்சள் காமாலை கூடினாலும், நிறை சரிந்தாலும் அடுத்த கிளினிக் திகதிவரை காத்திருக்க வேண்டாம். சீனி எப்போதும் கூடியிருந்தவருக்குக் காரணமின்றி அடிக்கடி சீனி இறங்கினால் அதுவும் கட்டியின் வேலையாக இருக்கலாம். சில கட்டிகள் இன்சுலினைப் போன்ற ஒரு பொருளைச் சுரக்கும். இரத்த வாந்தி, தார் போல் கறுத்த மலம், மயக்கத்தோடு வரும் கடும் வயிற்று வலி, ஆள் குழம்பிப் பேசுவது: இவை வந்தால் உடனே 1990க்கு அழையுங்கள். தோட்டத்தின் பெயரோடு டிவிஷன் பெயரையும், லயத்துக்குக் கீழே எதுவரை வாகனம் வரும் என்பதையும் சொல்லுங்கள்.